கை வீசி நடந்த மேல்வீட்டு மேடம்

எங்கள் மேல்வீட்டில் குடியிருந்த மேடத்துக்கு வெளியே போவதற்குக் காரணமே கிடையாது. குறையாகச் சொல்லவில்லை. அவர் அதைத் தொழிலாகவே வைத்திருந்தார். பல்கலைக்கழகத்தில் பேராசிரியை. வாசலைத் தாண்டிய பெண்கள் எங்கே போகிறார்கள், எங்கே நிற்கிறார்கள், எங்கே மட்டும் உட்காருவதே இல்லை, ஆண்களுக்கு ஏன் இந்தத் தொல்லை இல்லை என்பதுதான் அவருடைய ஆராய்ச்சி. இதைக் கேட்ட அன்று என் மாமியார் மோவாயில் கை வைத்துக்கொண்டார்.

"தெருவுல யாரு உக்காந்திருக்கான்னு பாக்கறதுக்கு சம்பளமா? அதுக்குப் படிப்பு வேற படிச்சுதா?"

"ஆமா அத்த. டாக்டர் பட்டமே வாங்கியிருக்காங்களாம்."

"நல்லா வாங்குச்சு போ."

எங்கள் தெரு பழைய மில்லுக்குப் பின்புறம் இருக்கிறது. மில் மூடிப் பல காலம் ஆகிவிட்டாலும் தெருவுக்கு ஷிப்டு மாறும் நேரத்தில் வாசலை எட்டிப் பார்க்கும் பழக்கம் மட்டும் போகவில்லை. யார் வெளியே கிளம்பினாலும் ஏழெட்டுக் கண்கள் கூடவே கிளம்பும். கிளம்புகிறவரை "எங்க போற" என்று கேட்டால் போகிற காரியம் விளங்காது என்பதால், எல்லோரும் நாசூக்காக "இன்னா, தூரமா?" என்பார்கள். உடனே "ரேஷனுக்கு", "மாத்திரை வாங்க", "புள்ளைய கூப்புட" என்று ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். அதற்குச் சாட்சியாகக் கையில் ஒரு கூடையோ பையோ இருந்தே ஆகவேண்டும். நானே பல தடவை ஒன்றும் வாங்கப் போகாமல் மஞ்சப்பையை மடித்து எடுத்துக்கொண்டு கிளம்பியிருக்கிறேன்.

மேடம் வந்த புதிதில் ஒருநாள் சாயங்காலம் படியிறங்கினார். கையில் ஒன்றும் இல்லை. இரண்டு கையையும் வீசிக்கொண்டு வந்தார். எதிர்வீட்டு அக்கா விடுவாரா?

"இன்னா மேடம், தூரமா?"

"இல்லக்கா, சும்மா."

"சும்மான்னா, கடைக்கா?"

"கடைக்கு இல்ல. சும்மாதான்."

அக்காவுக்கு அன்று சோறு இறங்கியிருக்காது. மறுநாளே தெருவில் விதவிதமாகக் கதை கிளம்பியது. மனை பார்க்கிறார் என்றார் ஒருவர். வரி ஆபீஸிலிருந்து வேவு பார்க்க அனுப்பியிருக்கிறார்கள் என்றார் இன்னொருவர். காதல் தோல்வி என்று சொன்னவர்கள்தான் அதிகம். அந்த அம்மாவோ எதையும் கண்டுகொள்ளாமல் தினமும் சாயங்காலம் கை வீசி நடந்துகொண்டிருந்தார்.

எனக்கும் அவருக்கும் நெருக்கம் உண்டானது ஒரு பையால்தான். நான் கோரிமேட்டில் ஒரு தையல் கடையில் வேலை செய்கிறேன். ஆஸ்பத்திரி பக்கம் என்பதால் பாதி வேலை வெள்ளைக் கோட்டு தைப்பது. அதைத் தெரிந்துகொண்டு ஐந்தாறு சுடிதார்களை மொத்தமாகத் தூக்கிக்கொண்டு வந்து என் மடியில் போட்டார்.

"அந்தக் கோட்டுக்கு வைக்கிறீங்களே, ஆழமா, அதே மாதிரி ரெண்டு பக்கமும் பை வெச்சுக் குடுங்க."

"சுடிதாருக்கா? ஷேப்பே கெட்டுடும் மேடம்."

"கெடட்டும். உங்க வீட்டுக்காரரு வெளிய போகும்போது பாத்திருக்கீங்களா? சாவி, போனு, காசு, சீப்பு எல்லாம் சட்டையிலயும் பேண்ட்லயும் போயிடுது. ஜாலியா கைய வீசிக்கிட்டுப் போறாரு. நமக்குத் துணி தைக்கிறவங்க மட்டும், இவளுக்கு எதுக்குப் பை, எப்படியும் பின்னாடி ஒருத்தன் எடுத்துக்கிட்டு வருவான்னு நெனச்சுட்டாங்க."

தைக்கிறவள் நான்தான், என்னிடமே சொல்கிறார். கோபம் வந்தது. ஆனாலும் தைத்துக் கொடுத்தேன். அந்தப் பையில் எப்போதும் வறுத்த வேர்க்கடலை இருக்கும். பேசிக்கொண்டே இருப்பார், கை பைக்குள் போகும், தோலை ஊதிவிட்டு நமக்கும் இரண்டு கொடுப்பார். என் மாமியாரின் கோபத்தைப் பாதி கரைத்தது ஆராய்ச்சி அல்ல, அந்தக் கடலைதான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை என் அம்மா வீட்டுக்குப் போகிறேன் என்றதும் அவரும் கூடவே வந்துவிட்டார். தவளக்குப்பம் ஜங்ஷனில் பஸ்ஸை விட்டு இறங்கினோம். சந்தைக் கூட்டம். டீக்கடை பெஞ்சு முழுக்க ஆண்கள். மேடம் நேராகப் போய் நுனியில் கிடைத்த இடத்தில் உட்கார்ந்து என்னையும் இழுத்து உட்கார வைத்தார். எனக்கு முதுகெல்லாம் வியர்த்தது. டீ மாஸ்டர் எட்டிப் பார்த்து, "பார்சலா மேடம்?" என்றார்.

"இல்ல, இங்கதான் குடிக்கிறோம்."

கொஞ்ச நேரத்தில் மூன்று டீ வந்தது. நாங்கள் இரண்டு பேர்தான்.

"இது யாருக்குங்க?"

"ஐயாவுக்கு. வண்டி நிறுத்தப் போயிருக்காரு இல்ல?"

ஐயாவும் இல்லை, வண்டியும் இல்லை என்று நான் விளக்கம் சொல்ல வாயெடுத்தேன். மேடம் என் தொடையில் தட்டி அடக்கிவிட்டு, "குடுங்க, வந்துடுவாரு" என்று வாங்கி வைத்துக்கொண்டார். தன் டீயைக் குடித்தார். பிறகு வராத ஐயாவின் டீயையும் நிதானமாகக் குடித்தார். அதற்குள் பெஞ்சில் இருந்த ஆண்கள் ஒவ்வொருவராக எழுந்து போய்த் தள்ளி நின்றுகொண்டார்கள். பெஞ்சு முழுக்க எங்களுக்கே.

"பாத்தீங்களா, மரியாதை குடுக்கறாங்களாம். பக்கத்துல உக்காந்து பேசுங்கடான்னா வராது" என்று சிரித்தார்.

ஆனால் எப்போதும் சிரிக்கிறவர் இல்லை. அங்கேயே சந்தை ஓரத்தில் தெரு கூட்டுகிற அம்மா ஒருவர் துடைப்பத்தைச் சாய்த்துவிட்டு ஒரு கடையின் படியில் உட்காரப் போனார். கடைக்காரர் உள்ளேயிருந்தே "ஏம்மா, வேற எடம் இல்லியா?" என்றார். அந்த அம்மா துடைப்பத்தை எடுத்துக்கொண்டு நகர்ந்தார். மேடத்தின் முகம் சட்டென்று மாறியது.

"காலையிலேருந்து அவங்க இந்த ரோட்டுலதான் இருக்காங்க. யாரும் எங்க போற, ஏன் வந்தன்னு கேக்கல. உக்காந்தாத்தான் கேக்கறாங்க. நான் உக்காந்தா மூணு டீ வருது. இத்தனைக்கும் ரெண்டு பேரும் பொம்பளைங்கதான்."

எழுந்து போய் அந்த அம்மாவைக் கூட்டிவந்து எங்கள் பெஞ்சில் உட்கார வைத்தார். டீ சொன்னார். அந்த அம்மா நுனியில் ஒட்டிக்கொண்டு, குடித்து முடித்த நிமிஷமே எழுந்து போய்விட்டார். பஸ்ஸில் திரும்பும்போது மேடம் கடலையே எடுக்கவில்லை.

சாமி விஷயத்திலும் அவருக்கு இதே கண்தான். வீராம்பட்டினம் தேருக்குப் போயிருந்தபோது, கூட்டம் கூட்டமாகப் பெண்கள் வளையல் கடையிலும் ராட்டினத்திலும் திரிந்ததைப் பார்த்துவிட்டு, "அம்மன்தான் நம்ம எல்லாருக்கும் கேட் பாஸ் போட்டுக் குடுக்கறா. பாவம், அவளும் தேருன்னு ஒரு காரணம் இருந்தாத்தான் வெளிய வர்றா" என்றார். என் மாமியார் கன்னத்தில் போட்டுக்கொண்டார். போட்டுக்கொண்டே சிரித்ததை நான் பார்த்தேன்.

இனி என் கதைக்கு வருகிறேன். எங்கள் வீட்டிலிருந்து கொஞ்சம் தள்ளி, தெரு முனையில், ஒரு சின்ன பார்க் இருக்கிறது. இரண்டு புங்கமரம், நாலு சிமெண்டு பெஞ்சு, ஒரு உடைந்த சறுக்குமரம். காலையில் ஆண்கள் பேப்பர் படிப்பார்கள், சாயங்காலம் சீட்டாடுவார்கள். கல்யாணமாகி இந்தத் தெருவுக்கு வந்த நாளிலிருந்து நான் அதைத் தாண்டித்தான் போய்வருகிறேன். ஒருநாள்கூட உள்ளே போனதில்லை. நாள் முழுக்கத் தையல் மிஷின் மிதித்துவிட்டு ஆறு மணிக்கு பஸ்ஸை விட்டு இறங்கினால் கால் கால்மாதிரியே இருக்காது. அன்றைக்கு மேடத்தின் பேச்சுதான் மண்டையில் ஓடிக்கொண்டிருந்ததோ என்னவோ, வீட்டுக்குப் போகாமல் உள்ளே போய் ஒரு காலி பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன்.

முதலில் எதிர்வீட்டு அக்கா வந்தார். "இன்னாடி, மாமியா எதனா சொல்லிச்சா?" அடுத்து முனைக்கடைக்காரர் வந்து தண்ணீர் பாட்டில் நீட்டினார். அதற்குள் யாரோ போன் போட்டிருக்கிறார்கள். எங்கள் வீட்டுக்காரர் லுங்கியோடு ஓடிவந்தார்.

"இன்னா ஆச்சு?"

"ஒண்ணும் ஆகல. உக்காந்திருக்கேன்."

"அதான், ஏன்?"

"உக்காரணும்போல இருந்துச்சு."

"வீட்ல சேர் இருக்கே!"

வீட்டில் சேர் இருக்கிறது, உண்மைதான். ஆனால் அந்தச் சேரில் நான் உட்கார்ந்த நொடியில் எங்கிருந்தாவது ஒரு வேலைக்கு மூக்கில் வேர்த்துவிடும். இந்த பெஞ்சில் அப்படி இல்லை. புங்க இலை உதிர்வதைப் பார்த்துக்கொண்டு நான் யாருக்கும் எதுவுமாக இல்லாமல் அரை மணி நேரம் இருந்தேன். அது எனக்கு வேண்டும் என்று தோன்றியது. தினமும் வேண்டும் என்று தோன்றியது. நகை வேண்டும் புடவை வேண்டும் என்றுகூட நான் அப்படி ஏங்கியதில்லை. பிறகு தினமும் போனேன். வீட்டில் மாமியார் பாத்திரத்தை நங்கென்று வைப்பார். "வேலைக்குப் போற, சரி. வந்தா நேரா வீட்டுக்கு வரணும்" என்பார். நான் மறுநாளும் போய் உட்காருவேன்.

மேடத்துக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். அங்கேதான் அவர் ஒரு தப்பு செய்தார். ஒரு சாயங்காலம் தெருப் பெண்கள் பத்துப் பன்னிரண்டு பேரை "வாங்க, எல்லாரும் போய் பார்க்ல சும்மா உக்காருவோம், எந்தக் காரணமும் வேணாம்" என்று கூப்பிட்டார். வந்தார்கள். ஆனால் வெறுங்கையோடு வர ஒருத்திக்கும் மனசு வரவில்லை. ஒருத்தி ஆய்வதற்கு முருங்கைக்கீரைக் கட்டோடு வந்தாள், ஒருத்தி ஹோம்வொர்க்கோடு பிள்ளையை இழுத்து வந்தாள். எதிர்வீட்டு அக்கா பூக்கட்ட மல்லி கொண்டுவந்தார். நான் மட்டும் யோக்கியமா? ஹெம்மிங் போட நாலு கோட்டு எடுத்துப் போயிருந்தேன்.

வரிசையாக உட்கார்ந்தோம். பக்கத்துத் தெருப் பெண் ஒருத்தி கம்பிவேலி அருகே நின்று பார்த்தாள்.

"இன்னா குடுக்கறாங்க?"

"ஒண்ணும் குடுக்கலம்மா, சும்மா உக்காந்திருக்கோம்" என்றார் மேடம்.

அவள் நம்பவில்லை. சும்மா எவளாவது வரிசையில் உட்காருவாளா? விடுவிடுவென்று வீட்டுக்குப் போய் ரேஷன் கார்டோடு திரும்பி, வரிசைக் கடைசியில் உட்கார்ந்துகொண்டாள். அவள் பின்னால் நாலு பேர் ஆதார் ஜெராக்ஸோடு வந்தார்கள். "டோக்கன் எங்க தர்றாங்க?" என்று என்னையே கேட்டாள் ஒருத்தி. பெண்கள் போராட்டம் செய்கிறார்கள் என்று கேள்விப்பட்டுக் கட்சிக்காரர் ஒருவர் ஒரு டிரம் மோரோடு வந்து இறங்கினார். "கோரிக்கை இன்னாம்மா? சொல்லுங்க, மேல பேசறேன்" என்றார். கடைசியில் இரண்டு போலீஸ்காரர்கள் மோட்டார் சைக்கிளில் வந்து, "பெர்மிஷன் இருக்கா?" என்றார்கள்.

"உக்கார்றதுக்கா?" என்று கேட்டார் மேடம்.

போலீஸ்காரர்கள் மோர் குடித்துவிட்டுப் போனார்கள். டோக்கன் கிடைக்காதவர்கள் மேடத்தைத்தான் திட்டித் தீர்த்தார்கள்.

விஷயம் குடியிருப்போர் சங்கத்துக்குப் போய்விட்டது. தலைவர் பிரெஞ்சு அரசாங்கத்தில் பென்ஷன் வாங்குகிற பெரியவர். தொப்பியைக் கழற்றாமல் யாருக்கும் வணக்கம் சொல்ல மாட்டார். தெருவே அவரை ஐயா என்பதற்குப் பிரெஞ்சில் முசே என்றுதான் கூப்பிடும். தங்கமான மனுஷர், அதனால்தான் சண்டையும் போட முடியாது. பார்க்கிலேயே கூட்டம் போட்டார். ஆண்கள் சேரில் உட்கார்ந்தார்கள். நாங்கள் சுற்றிலும் நின்றோம். மேடம் மட்டும் ஒரு சேரை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார்.

"கூட்டம், போலீசு, மோரு. இதெல்லாம் பெண்களுக்குப் பாதுகாப்பு இல்லை" என்று முசே ஆரம்பித்தார். "அதனால சங்கம் ஒரு நல்ல முடிவு எடுத்திருக்கு. பார்க்குக்கு இரும்பு கேட்டு போட்டுடறோம். காலையில பத்துலேருந்து பன்னெண்டு வரைக்கும் பெண்கள் நேரம். ஒரு ஆம்பள உள்ள வர மாட்டான். மத்த நேரம் பொது."

பத்து மணிக்கு நான் கோரிமேட்டில் காலரைத் திருப்பிக்கொண்டிருப்பேன். என் ஆறு மணி போயிற்று.

"பொதுன்னா யாரு முசே?" என்று கேட்டார் மேடம்.

"பொதுன்னா எல்லாரும்தான் மதாம்."

"அப்ப நாங்களும் வரலாம்."

"உங்களுக்குத்தான் தனியா நேரம் குடுத்திருக்கோமே!"

"அப்ப நாங்க பொதுவுல இல்லியா?"

முசே தொப்பியைக் கழற்றித் தலையைத் தடவினார். பக்கத்தில் இருந்தவர் அவரைக் காப்பாற்ற வந்தார். "மேடம், நீங்க வாடகைக்கு இருக்கறவங்க. சங்கத்துல வீட்டுச் சொந்தக்காரங்கதான் பேசலாம்."

மேல்வீடும் கீழ்வீடும் யார் பேரில் இருக்கிறது? என் மாமியார் பேரில். எல்லோரும் அவரைத் திரும்பிப் பார்த்தார்கள். எனக்கு நம்பிக்கையே இல்லை. தினமும் பாத்திரத்தை நங்கென்று வைக்கிற மனுஷி, நல்லதாப் போச்சு, கேட்டைப் போடுங்க என்றுதான் சொல்லப்போகிறார் என்று கண்ணை மூடிக்கொண்டேன்.

மாமியார் புடவை முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு முன்னால் வந்தார்.

"முசே, மில்லு ஓடினப்போ தினம் எங்க வூட்டுக்காரருக்குச் சோத்துக்கூடை தூக்கிட்டுப் போயி கேட்டாண்ட நிப்பேன். சங்கு ஊதற வரைக்கும் நிப்பேன். வயித்துல எம்புள்ள இவன் இருந்தப்பவும் நின்னேன். ஒருத்தன் உக்காரும்மான்னு சொல்லல. அப்ப நின்ன காலு இப்ப வலிக்குது. ஆனா அது பத்து மணிக்கு வலிக்கல. ஆறு மணிக்குத்தான் வலிக்குது. நீங்க வேணா அதுகிட்டச் சொல்லிப் பாருங்க, பத்து மணிக்கு வந்துட்டுப் போவட்டும்."

முதலில் சிரித்தது முசேதான். பிறகு தெருவே சிரித்தது. கேட்டுப் பேச்சு அதோடு விழுந்தது. எனக்கு அழுகை வந்துவிட்டது. மாமியார் காலில் விழலாம் போல இருந்தது.

அந்த நினைப்பு மறுநாள் ஆறு மணி வரைதான் தாங்கியது. பஸ்ஸை விட்டு இறங்கி ஆசையாக பார்க்குக்கு ஓடினால், என் பெஞ்சில், என் இடத்தில், காலை நீட்டிக்கொண்டு மாமியார்.

"வந்துட்டியா? துவரம்பருப்பு ஊறவெச்சிருக்கேன், குக்கர்ல போட்டுடு. காலு விண்ணு விண்ணுங்குது, நான் கொஞ்ச நேரம் கழிச்சி வர்றேன்."

ஒருநாள் இல்லை, அந்த வாரம் முழுக்க இதே கதை. யாராவது ஒருத்தி அடுப்படியில் இருந்துதானே ஆகவேண்டும்? வெளியே சொல்லவும் வெட்கமாக இருந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு பருப்பு வேகவைத்தேன். மேடம் ஊரில் இல்லை. டெல்லியில் ஏதோ கருத்தரங்கு. எங்கள் பார்க் கதையைத்தான் சொல்லிக் கைதட்டல் வாங்கியிருக்கிறார். ஊர் திரும்பிய அன்று ஆறு மணிக்கு உற்சாகமாகப் படியிறங்கி வந்தவர், ஜன்னல் வழியாக என்னை அடுப்படியில் பார்த்து நின்றுவிட்டார்.

"நீங்க பார்க்குக்குப் போகல?"

"அத்த போயிருக்காங்க மேடம். வீட்ல யாராச்சும் இருக்கணும்ல."

எதற்கும் பதில் வைத்திருக்கிற அம்மா. அன்றைக்கு ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு அப்படியே நின்றார். பாவமாக இருந்தது. பிறகு கூடத்துக்கு வந்து, கிரிக்கெட் பார்த்துக்கொண்டிருந்த எங்கள் வீட்டுக்காரர் முன்னால் நின்றார்.

"சார், பருப்புக்கு எத்தனை விசில்?"

"தெரியலையே மேடம். அவளைத்தான் கேக்கணும்."

"நாலு. நாலு வந்ததும் அடுப்ப அணைச்சிடுங்க." அவ்வளவுதான். என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு தெருவில் இறங்கிவிட்டார்.

மாமியார் எங்களைப் பார்த்ததும், "அடுப்பு?" என்றார்.

"உங்க புள்ள பாத்துக்கறாரு" என்றார் மேடம்.

நம்பாமல் என்னையும் வீட்டையும் மாறி மாறிப் பார்த்தார். ஆனாலும் நகர்ந்து இடம் விட்டார். மூன்று பேரும் உட்கார்ந்தோம். எங்கள் வீட்டிலிருந்து முதல் விசில் வந்தது. இரண்டு. மூன்று. நாலாவது வந்தபோது மூன்று பேரும் மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டோம். அடுப்பு அணையவில்லை. அஞ்சாவது வந்தது. ஆறாவதும் வந்தது. டிவியில் யாரோ சிக்ஸர் அடித்த கூச்சல் தெரு வரைக்கும் கேட்டது. ஓடவேண்டும் என்று என் கால் துடித்தது. பெஞ்சின் விளிம்பை இறுகப் பிடித்துக்கொண்டேன்.

அப்போது எழுந்தது நான் இல்லை. மேடம். பாதி எழுந்து எங்கள் வீட்டுப் பக்கம் திரும்பி, "ஐயையோ, தண்ணி சுண்டியிருக்கும்!" என்றார்.

மாமியார் எட்டி அவர் கையைப் பிடித்தார். "எங்க ஓடற? உக்காரும்மா. அடிபுடிச்சா புடிக்கட்டும்."